ஹெல்க ஷ்னைடரின் பகிடி விளங்கவில்லை என்று கேட்ட தம்பிக்கு

தம்பி, ஜேர்மனியின் எசன் நகரில் வேலைக்குச் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை, வேலையிடத்து நண்பர்கள் ஹெல்க ஷ்னைடர் என்ற பகிடிக்காரரின் மேடை நிகழ்ச்சிக்குக் கூப்பிடுகிறார்கள், யூடியூபில் தேடிப் பார்த்தால் ஒரு பகிடியும் விளங்கவில்லை, என் டொச், அதாவது ஜேர்மன் மொழி, அவ்வளவு மோசமா என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் டொச்சில் பிழை இல்லை. நான் இங்கே வந்து எத்தனையோ வருடமாகிவிட்டது, இன்னும் அந்தாள் பேசுவதில் பாதிக்குத் தலையும் தெரியாது வாலும் தெரியாது. ஜேர்மன்காரரிலேயே அவரைக் கண்டதும் சானலை மாற்றுகிறவர்கள் இருக்கிறார்கள்.

ஆள் அடிப்படையில் ஜாஸ் இசைக்காரர். 1955 இல் உங்களுக்குப் பக்கத்து ஊரான முல்ஹைமில் பிறந்தவர். பியானோ, சாக்சபோன், ட்ரம்ஸ் என்று எதைக் கொடுத்தாலும் வாசிப்பார். கதை சொல்வதும் அந்த மாதிரித்தான், ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு இழு இழு என்று இழுத்து, எங்கேயோ போய், முடிக்காமலே விட்டுவிட்டுப் பியானோவுக்குத் திரும்பிவிடுவார். கடைசியில் ஒரு வெடி வரும் என்று நாங்கள் காத்திருப்போம். வராது. அதுதான் பகிடி. மேடையில் தேநீர் கொண்டுவருவதற்கென்றே ஓர் ஆள் வைத்திருந்தார். அவர் கோப்பையோடு வருவார், வைப்பார், போவார், அவ்வளவுதான், சனம் விழுந்து விழுந்து சிரிக்கும்.

1994 இல் 'காட்சக்லோ' என்ற பாட்டு நாடெங்கும் ஓடியது, பூனை மலம் கழிக்கிற பெட்டியைப் பற்றிய பாட்டு. அதே அச்சில் இன்னும் நாலு பாட்டுப் போட்டுக் காசு பார்த்திருக்கலாம். மனுஷன் படம் எடுத்தார், துப்பறியும் நாவல் எழுதினார், ஜாஸை விடவே இல்லை. 2007 இல் வந்த ஒரு படத்தில் ஹிட்லராகவே நடித்துவிட்டு, அது வெளியாகுமுன்பே தனக்குப் பிடிக்கவில்லை என்று வெளிப்படையாகச் சொன்னார். 2021 இல், கொரோனாக் காலம், அவுக்ஸ்பேர்க்கில் சனத்தைக் கடற்கரைக் கூடைக் கதிரைகளில் தள்ளித்தள்ளி இருத்தி ஒரு நிகழ்ச்சி. பாதியிலேயே நிறுத்திவிட்டுப் போய்விட்டார். சனத்தோடு தொடர்பே கிடைக்கவில்லையாம். டிக்கெட் எடுத்தவர்களுக்குக் கோபம் வந்திருக்கும், ஆனால் எனக்கு அது நியாயமாகத்தான் பட்டது, முன்னால் இருப்பவர்கள் சிரிப்பதையும் முழிப்பதையும் பார்த்துத்தான் அவருக்கு அடுத்த வசனமே வரும். யூடியூபில் துண்டு துண்டாகப் பார்த்தால் எங்கே பிடிபடப்போகிறது?

போகுமுன் '00 ஷ்னைடர்' என்ற 1994 படத்தைப் பாருங்கள். சர்க்கஸ் கோமாளி ஒருவர் கொலையாகிறார், துப்பறிகிற கமிஷனரும் ஷ்னைடர்தான், தேடப்படுகிறவரும் ஷ்னைடர்தான். டொச் குறைவென்றாலும் ஆளின் போக்குப் பிடிபடும். மற்றது, எல்லாரும் சிரிக்கிறார்களே என்று சும்மா சேர்ந்து சிரிக்க வேண்டாம். நண்பர்கள் விளங்கியதா என்று கேட்டால் இல்லை என்றே சொல்லுங்கள், ஆளுக்கொரு விளக்கம் தருவார்கள், ஒன்றோடொன்று ஒத்துவராது, அந்த வாக்குவாதத்திலேயே நல்லாய்ப் பழகிவிடலாம். டிக்கெட் காசை மட்டும் அவர்கள் கேட்கும்வரை வைத்திருக்காமல் முதலே கொடுத்துவிடுங்கள்.