யெஷெக் காலத்தை வீணாக்கினாரா?

அன்புள்ள ஐயா,

செக் இசையமைப்பாளர் யாரோஸ்லாவ் யெஷெக்கின் பாடல்களை அண்மையில்தான் கேட்கத் தொடங்கினேன். அவருடைய படங்களில் முதலில் எதைப் பார்க்கலாம்? பார்வை மங்கிய அந்தப் பாவப்பட்ட மனிதர் நாடகப் பாட்டிலும் சினிமாப் பாட்டிலும் காலத்தைக் கழிக்காமல் இருந்திருந்தால் பெரிய மேதையாகியிருப்பாரே என்ற வருத்தமும் எனக்கு உண்டு.

கௌதம்

அன்புள்ள கௌதம்,

மார்ட்டின் ஃப்ரிச் 1934-ல் இயக்கிய ‘ஹேய் ரூப்’ படத்திலிருந்து தொடங்குங்கள். கண்ணைப் பற்றிய இரக்கத்தை விட்டுவிடுங்கள், அது அவருக்குத் தேவைப்படவில்லை. உங்கள் வருத்தத்தை மட்டும் என்னால் விட முடியவில்லை. படித்தவர்கள் பலரிடம் இதைக் கேட்டுக் கேட்டு மனம் புண்பட்டிருக்கிறேன்.

காலத்தைக் கழித்தார் என்று எழுத உங்களுக்கு எப்படி மனம் வந்தது? பிராக் இசைக்கல்லூரியில் படிப்பை முடிக்கையில், 1927-ல், அவர் எழுதியது ஒரு பியானோ கான்செர்ட்டோ, அதாவது தனிக்கருவி ஒன்று இசைக்குழுவோடு சேர்ந்து வாசிக்கும் பெரிய இசைப்படைப்பு. அதிலேயே ஜாஸின் துள்ளல் இருக்கிறது. யோசெஃப் சுக் என்ற பெரிய ஆசானிடமும் பயின்றார். அவருடைய நண்பர்களான நகைச்சுவை நடிகர்கள் வோஸ்கோவெட்ஸும் வெரிஹும் பிராகில் நடத்திய ‘விடுதலை அரங்கம்’ என்ற நாடக அரங்கில் இசைப் பொறுப்பேற்ற பிறகு, 1930-ல்தான், வயலினுக்கும் காற்றுக்கருவிக் குழுவுக்குமான கான்செர்ட்டோ வந்தது. அடுத்த ஆண்டே அதே நண்பர்களோடு ‘பவுடரும் பெட்ரோலும்’ என்ற முதல் படம், 1932-ல் ‘பணமா உயிரா’. செக் சினிமா பேசத் தொடங்கிய அந்தக் காலத்தில், மேடையில் பழகிய பாட்டைத் திரைக்கு ஏற்றபடி உயிரோடு கொண்டுவந்தது சின்ன வேலையா?

பிராகின் காப்ரோவா தெருவில் அவர் வாழ்ந்த அறையை இன்றும் பார்க்கலாம். மங்கிய பார்வைக்கு இதமாக அமைந்த நீலச் சுவர்கள், வளைந்த எஃகுக் குழாய் நாற்காலிகள், ஒரு பியானோ. ஆம், ஒன்றே ஒன்று. சினிமாப் பாட்டுக்கு ஒரு பியானோ, உயர்ந்த இசைக்கு இன்னொன்று என்று அங்கே இரண்டு இல்லை. அதன் முன் நின்றபோது இந்தப் பிரிவினையை யார் நம் தலையில் கட்டினார்கள் என்று எனக்குக் கோபமே வந்தது.

அவருடைய திரை வாழ்க்கை நான்கு படங்களோடு நின்றதற்குக் காரணம் வேறு. நான்காவது படமான ‘உலகம் நம்முடையது’, 1937-ல், பாசிசக் கும்பலை எதிர்க்கும் எளியவர்களின் கதையைச் சொன்னது. மறு ஆண்டு, செக்கோஸ்லோவாக்கியாவின் எல்லைப் பகுதிகளை ஹிட்லருக்குக் கொடுத்த மியூனிக் ஒப்பந்தத்தால் நாடு துண்டாடப்பட்டது. நவம்பரில் அரங்கம் மூடப்பட்டது. 1939 ஜனவரியில் யெஷெக்கும் அந்த இரு நண்பர்களும் அமெரிக்கா போனார்கள். நியூயார்க்கில் அவர் செக் தொழிலாளர்களின் பாடகர் குழுவுக்குப் பயிற்சி தந்தார், 1941-ல் பியானோ சொனாட்டாவையும், அதாவது தனிப் பியானோவுக்கான பல பகுதிகள் கொண்ட படைப்பையும், எழுதினார். நெடுநாள் சிறுநீரக நோய் முற்றி, 1942 ஜனவரி 1 அன்று, 35 வயதில் இறந்தார். அவரிடமிருந்து காலத்தைப் பறித்தவை நாஜிகளும் நோயும்தான்; பழியைப் பாட்டின் மேல் போடாதீர்கள்.

உங்களைக் கடிந்துகொண்டது உங்கள் காதின் மேல் எனக்குள்ள நம்பிக்கையால்தான். படத்தைப் பார்த்த கையோடு அந்தச் சொனாட்டாவையும் கேட்டுவிட்டு, இவற்றை எழுதியது இரண்டு ஆள் என்று தோன்றுகிறதா என்று எனக்கு எழுதுங்கள்.