வீட்டுக்கடன்: கடைசித் தவணை வரை மொத்தம் எவ்வளவு? கேள்விகளும் பதில்களும்

கடன் கொடுக்கும் பக்கத்து மேசையில் பல வருடம் உட்கார்ந்து தவணைப் பட்டியல் போட்டுக் கொடுத்திருக்கிறேன். அதற்கு முன்பு நானே வீட்டுக்கடன் வாங்கிக் கட்டியவள். இரண்டு பக்கமும் பார்த்ததால்தான் இந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்ல உட்கார்ந்தேன்.

ஆளுக்கொரு தொகை சொல்லிக் கேட்டிருக்கிறீர்கள். ஒப்பிட வசதியாக எல்லாப் பதிலுக்கும் ஒரே கணக்கை வைத்துக்கொள்கிறேன்: கடன் 10 லட்சம், ஆண்டு வட்டி 8 சதவீதம், 20 ஆண்டு, மாதம் ஒரு தவணை. தவணை 8,364 வரும். எந்தப் பணமாக இருந்தாலும் விகிதம் மாறாது. உங்கள் கடன் 30 லட்சம் என்றால் எல்லாத் தொகையையும் மூன்றால் பெருக்கிக்கொள்ளுங்கள்.

கேள்வி: வட்டி 8 சதவீதம்தானே? 10 லட்சத்துக்கு 80 ஆயிரம். இதற்கு ஏன் எல்லோரும் இவ்வளவு பயமுறுத்துகிறார்கள்?

அந்த 80 ஆயிரம் ஒரே ஒரு ஆண்டுக்கு. அடுத்த ஆண்டும் வட்டி உண்டு, அதற்கடுத்த ஆண்டும் உண்டு. 8,364-ஐ 240 மாதத்தால் பெருக்கிப் பாருங்கள், 20 லட்சத்து 7 ஆயிரம் வரும். வாங்கியது 10 லட்சம், வட்டி மட்டும் 10 லட்சத்து 7 ஆயிரம். ஒரு வீட்டுக்குக் கடன் வாங்கி இரண்டு வீட்டுக்கான பணத்தைக் கட்டுகிறோம்.

வட்டி என்பது பாக்கி இருக்கும் அசலுக்கு, அது பாக்கி இருக்கும் காலத்துக்குக் கொடுக்கும் வாடகை. கீழே வரும் பதில்கள் எல்லாமே இந்த ஒரு வரியிலிருந்து கிளைப்பவைதான்.

கேள்வி: ஐந்து வருடமாக ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினேன். உங்கள் கணக்குப்படி 5 லட்சம் கட்டியிருப்பேன். ஆனால் பாக்கி 8 லட்சத்து 75 ஆயிரம் என்று கடிதம் வருகிறது. ஏமாற்றுகிறார்களா?

இல்லை. கடிதத்தில் இருப்பது சரியான தொகை. உங்கள் அதிர்ச்சியும் எனக்குப் புரிகிறது. என் முதல் கடனில் நானும் இதே கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு மாலை முழுக்க உட்கார்ந்திருந்தேன். கடன் வாங்கும்போது மாதத் தவணை எவ்வளவு என்று மட்டும் சொன்னார்கள், அந்தத் தவணை எப்படிப் பிரிகிறது என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

முதல் மாதம் 10 லட்சமும் பாக்கி. அதற்கு ஒரு மாத வட்டி 6,667. கட்டிய 8,364-இல் அது போக அசலில் கழிவது 1,697 மட்டுமே. அடுத்த மாதம் அசல் அந்த அளவு குறைந்திருப்பதால் வட்டி 11 குறையும். ஆமாம், வெறும் 11. அந்த 11 அசலுக்குப் போகும். இப்படி மாதாமாதம் வட்டியின் பங்கு மெல்ல இறங்கி, அசலின் பங்கு மெல்ல ஏறும். தவணையில் அசலின் பங்கு வட்டியை முந்துவது 137-வது மாதத்தில், அதாவது 12-வது ஆண்டில். பாதி அசல் தீர 13 ஆண்டு 8 மாதம் ஆகும். பத்தாம் ஆண்டு முடிவில், பாதித் தூரம் வந்துவிட்டோம் என்று நினைக்கும்போது, இன்னும் 6 லட்சத்து 89 ஆயிரம் பாக்கி நிற்கும்.

உங்கள் ஐந்து வருடத்தில் 3 லட்சத்து 77 ஆயிரம் வட்டிக்கும், 1 லட்சத்து 25 ஆயிரம் அசலுக்கும் போயிருக்கிறது.

கேள்வி: இதை நானே கணக்குப் போட்டுப் பார்க்க முடியுமா? கணக்கில் நான் கொஞ்சம் மந்தம்.

கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தல் தெரிந்தால் போதும். ஒரு தாளில் நான்கு பத்தி போடுங்கள். முதலில் பாக்கி அசல். அதை ஆண்டு வட்டி விகிதத்தால் (8 சதவீதம் என்றால் 0.08) பெருக்கி 12-ஆல் வகுத்தால் இந்த மாத வட்டி. தவணையில் அதைக் கழித்தால் அசலுக்குப் போவது. பாக்கி அசலில் அதைக் கழித்தால் அடுத்த மாதத்துக்கான பாக்கி. முதல் ஆறு வரியைக் கையால் போட்டுவிட்டு மிச்சத்தைக் கணினியில் விரிதாளில் இழுத்துவிடுங்கள். கையால் போடும் அந்த ஆறு வரிதான் கடனை உங்களுக்குப் புரியவைக்கும், அதைத் தவிர்க்காதீர்கள். கடன் கொடுத்தவர்களிடம் தவணைப் பட்டியலைக் கேட்டு வாங்கி, உங்கள் கணக்கோடு ஒத்துப் பாருங்கள்.

கேள்வி: அக்கா, 20 ஆண்டா 30 ஆண்டா என்று குழப்பம். 30 என்றால் தவணை குறையும், மூச்சு விடலாம் என்கிறார் வீட்டுக்காரர்.

தவணை குறையும்தான். எவ்வளவு குறைகிறது என்று பாருங்கள். 30 ஆண்டுக்குத் தவணை 7,338. மாதம் 1,026 மிச்சம். ஆனால் மொத்த வட்டி 10 லட்சத்து 7 ஆயிரத்திலிருந்து 16 லட்சத்து 41 ஆயிரத்துக்கு ஏறுகிறது. மாதம் ஆயிரம் மிச்சம் பிடிக்க 6 லட்சத்து 34 ஆயிரம் கூடுதலாகக் கொடுக்கிறீர்கள்.

மறுபக்கம் 15 ஆண்டு என்றால் தவணை 9,557, வட்டி 7 லட்சத்து 20 ஆயிரம். 10 ஆண்டு என்றால் தவணை 12,133, வட்டி 4 லட்சத்து 56 ஆயிரம். காலத்தை நீட்ட நீட்டத் தவணை குறைவது சுருங்கிக்கொண்டே வரும், வட்டி மட்டும் ஏறிக்கொண்டே போகும். 20-க்கு மேல் நீட்டுவதால் வரும் நிம்மதி மிகக் கொஞ்சம் என்பது என் கருத்து.

ஆனால் வீட்டுக்காரர் சொல்வதிலும் நியாயம் உண்டு. வருமானம் நிலையில்லாதது, கையில் சேமிப்பு இல்லை என்றால், கட்ட முடியாத தவணையைத் தலையில் ஏற்றிக்கொண்டு தவறுவதைவிட நீண்ட காலம் பாதுகாப்பானது. முன்கூட்டியே கட்ட அபராதம் இல்லாத ஒப்பந்தமா என்று பார்த்துக்கொண்டு நீண்ட காலத்துக்கே எடுங்கள். முடிந்த மாதம் ஆயிரம் சேர்த்துக் கட்டுங்கள். முடியாத மாதம் யாரும் உங்களைக் கேட்கமாட்டார்கள்.

கேள்வி: மாதம் ஆயிரம் சேர்த்துக் கட்டுவதால் பெரிதாக என்ன ஆகிவிடும்?

20 ஆண்டுக் கடனில் முதல் மாதத்திலிருந்தே சேர்த்துக் கட்டினால் 240 மாதம் 188 ஆகும். நான்கு வருடத்துக்கு மேல் முன்னதாக முடியும், வட்டியில் சுமார் இரண்டரை லட்சம் மிச்சம். அது வேண்டாம், வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாக, 12-க்குப் பதில் 13 கட்டுகிறேன் என்றாலும் 40 மாதத்துக்குக் கிட்டத்தட்டக் குறையும்.

கேள்வி: 1 லட்சம் கையில் வந்திருக்கிறது. இப்போதே கடனில் போடவா, கடைசியில் மொத்தமாகத் தீர்க்கவா? போட்டால் தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா என்று கேட்கிறார்கள்.

இங்கேதான் நிறையப் பேர் கோட்டை விடுகிறார்கள். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

முதல் ஆண்டு முடிவில் 1 லட்சம் போட்டு, தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைத்தால், 46 மாதத்துக்கு மேல் குறையும். போட்ட லட்சத்தைக் கழித்தபிறகு மிச்சமாகும் வட்டி 2 லட்சத்து 89 ஆயிரம். அதே 1 லட்சத்தை 15-வது ஆண்டு முடிவில் போட்டால் மிச்சம் 41 ஆயிரம்தான். பணம் அதே பணம்தான். முதலில் போட்டால் 19 ஆண்டு வட்டிக்கு வேலை வைக்காமல் செய்கிறது, கடைசியில் போட்டால் 5 ஆண்டு வட்டிக்கு மட்டும்.

இரண்டாவது கேள்வி. முதல் ஆண்டு முடிவில் அதே லட்சத்தைப் போட்டுவிட்டு, காலத்தை அப்படியே வைத்துத் தவணையைக் குறைத்தால், தவணை 7,510 ஆகும். மிச்சமாகும் வட்டி சுமார் 95 ஆயிரம். காலத்தைக் குறைத்தால் 2 லட்சத்து 89 ஆயிரம், தவணையைக் குறைத்தால் 95 ஆயிரம். படிவத்தில் நீங்கள் போடும் ஒரு டிக் குறிக்கு இவ்வளவு விலை. குடும்பம் தவணையைச் சமாளித்துக்கொண்டிருக்கிறது என்றால் காலத்தையே குறையுங்கள், அதை எழுத்தில் கொடுங்கள், அடுத்த மாதம் புதிய பட்டியலை வாங்கிச் சரிபாருங்கள்.

அவசரச் செலவுக்கு ஆறு மாதப் பணம்கூட இல்லாமல் எல்லாவற்றையும் கடனில் போட்டுவிடாதீர்கள். கடனில் போட்ட பணம் சுலபமாகத் திரும்பி வராது.

கேள்வி: வட்டி ஏறியது, ஆனால் என் தவணை ஏறவில்லை. அதிர்ஷ்டம்தானே?

இல்லைங்க. தவணை ஏறவில்லை என்றால் காலம் ஏறியிருக்கும். 8 சதவீதம் 9 ஆகி, தவணை அதே 8,364 என்றால், தொடக்கத்திலேயே இது நடந்தால் 240 மாதம் 304 ஆகிவிடும். 10 ஆனால் 674 மாதத்துக்கு மேல், அதாவது 56 ஆண்டுக்கு மேல். பத்தரை ஆனால் முதல் மாத வட்டியே 8,750, தவணை வட்டிக்கே பற்றாது. பாக்கி குறையாமல் வளரும், வட்டி குட்டி போடும்.

மாறும் வட்டிக் கடன் வைத்திருப்பவர்கள் வட்டி மாறிய ஒவ்வொரு முறையும் “இன்னும் எத்தனை தவணை பாக்கி?” என்று கேளுங்கள். எண்ணிக்கை ஏறியிருந்தால், முடிந்த அளவு தவணையை நீங்களே ஏற்றச் சொல்லுங்கள்.

கேள்வி: வேலை மாறுகிறேன். ஆறு மாதம் தவணை விடுப்பு தருகிறார்கள். எடுத்துக்கொள்ளலாமா?

சாப்பாட்டுக்கே கஷ்டம் என்றால் தயங்காமல் எடுங்கள். வசதிக்காக என்றால் வேண்டாம். விடுப்பு தவணைக்குத்தான், வட்டிக்கு இல்லை. தொடக்கத்தில் ஆறு மாதம் கட்டாமல் விட்டால் 10 லட்சம் 10 லட்சத்து 40 ஆயிரத்துக்கு மேல் போய்விடும். அதே தவணையில் அதைத் தீர்க்க 240-க்குப் பதில் 267 தவணை கட்டவேண்டும்; விடுப்பு எடுத்த ஆறு மாதத்தையும் சேர்த்தால் 273-வது மாதத்தில்தான் முடியும். மொத்தத்தில் 2 லட்சத்துக்கு மேல் கூடுதல். கடன் முடியப்போகும் காலத்தில் எடுத்தால் பாதிப்பு மிகக் குறைவு, அப்போது வட்டி ஏற அசலே அதிகம் இருக்காது.

கேள்வி: ஒருவர் 8 சதவீதம் குறையும் அசலுக்கு என்கிறார், இன்னொருவர் 8 சதவீதம் பிளாட் என்கிறார். இரண்டும் 8 தானே?

பெயரில்தான் ஒன்று. பிளாட் என்றால் நீங்கள் எவ்வளவு கட்டி முடித்தாலும் முதலில் வாங்கிய 10 லட்சத்துக்கே 20 ஆண்டும் வட்டி: 16 லட்சம். தவணை 10,833. குறையும் அசல் முறையில், அதாவது இதுவரை நாம் போட்டதுபோல் பாக்கி அசலுக்கு மட்டும் வட்டி போடும் முறையில் சொன்னால், இது 11.7 சதவீதத்துக்கும் மேல்.

கேள்வி: எட்டு வருடம் கட்டிவிட்டேன். வேறு இடத்தில் 7.5 சதவீதத்துக்குத் தருகிறார்கள், தவணையும் 2 ஆயிரம் குறையும். மாற்றிவிடலாம் அல்லவா?

தவணை ஏன் அவ்வளவு குறைகிறது என்று கேட்டீர்களா? அவர்கள் திரும்பவும் 20 ஆண்டு போடுகிறார்கள். இப்போது உங்கள் பாக்கி 7 லட்சத்து 73 ஆயிரம். பழைய கடனிலேயே இருந்தால் மிச்சமுள்ள 12 ஆண்டில் கட்டவேண்டிய வட்டி 4 லட்சத்து 32 ஆயிரம். புதிய கடனில் 20 ஆண்டுக்கு 7 லட்சத்து 21 ஆயிரம். வட்டி விகிதம் குறைந்தும் வட்டித் தொகை ஏறிவிட்டது.

மாற்றுங்கள், ஆனால் பழைய 8,364-ஐயே தொடர்ந்து கட்டுங்கள். அப்போது வட்டி 3 லட்சத்து 84 ஆயிரமாகும், சுமார் 48 ஆயிரம் மிச்சம். மாற்றுவதற்கான கட்டணங்கள் எல்லாம் சேர்ந்து அதற்குள் அடங்குகிறதா என்று பாருங்கள். அடங்காவிட்டால் இருக்கும் இடத்திலேயே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். வேறு இடத்தின் சலுகைக் கடிதத்தைக் காட்டினால் பல சமயம் இறங்கி வருவார்கள்.

கேள்வி: காப்பீட்டையும் கடனோடு சேர்த்துவிடுகிறேன், கையிலிருந்து எதுவும் தரவேண்டாம் என்றார்கள்.

சேர்க்கும் 30 ஆயிரத்துக்கும் 20 ஆண்டு வட்டி உண்டு. கட்டி முடிக்கும்போது அது 60 ஆயிரம். பரிசீலனைக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், பத்திரச் செலவு எதுவானாலும் இதே கதைதான். முடிந்தால் கையிலிருந்து கொடுங்கள்.

கேள்வி: பணத்தின் மதிப்புதான் வருடாவருடம் குறைகிறதே? 20 ஆண்டு கழித்து 8,364 ஒன்றுமே இல்லை. பிறகு ஏன் அவசரமாகக் கட்டவேண்டும்?

நல்ல கேள்வி. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய கணக்கில் சுமார் 3,150 தான். அந்த அளவுக்கு, 20 லட்சம் என்ற தொகை காட்டும் சுமை உண்மையைவிடக் கொஞ்சம் பெரிது. ஆனால் அந்தத் தேய்மானத்தை எதிர்பார்த்துத்தான் கடன் கொடுப்பவர் வட்டியை வைக்கிறார். நீங்கள் பார்க்கவேண்டியது ஒன்றுதான்: கையிலுள்ள பணத்தை வேறு இடத்தில் போட்டால் வரி போக 8 சதவீதத்துக்கு மேல் வருமா? கடனில் போட்டால் அந்த 8 நிச்சயம். வெளியே கிடைப்பது அநேகமாக நிச்சயமில்லை. இரவில் நிம்மதியாகத் தூங்குவதையும் கணக்கில் சேர்ப்பவள் நான், அதனால் என் பணத்தைக் கடனில்தான் போட்டேன்.

கேள்வி: அடுத்த மாதம் கடைசித் தவணை. அத்தோடு எல்லாம் முடிந்ததா?

வாழ்த்துகள்! இன்னும் கொஞ்சம் வேலை இருக்கிறது. சில்லறைப் பாக்கி, கட்டணப் பாக்கி எதுவும் நிற்கவில்லை என்று கேட்டு, கடன் தீர்ந்ததற்கான கடிதத்தை வாங்குங்கள். கொடுத்த மூலப்பத்திரங்களைப் பட்டியலோடு ஒத்துப்பார்த்துத் திரும்பப் பெறுங்கள். சொத்துப் பதிவில் அடமானம் ஏறியிருந்தால் அதை நீக்கவைத்து, நீக்கிய பதிவின் நகலை வாங்குங்கள். வங்கிக் கணக்கிலிருந்து தானாகத் தவணை பிடிக்கச் சொல்லிக் கொடுத்த உத்தரவையும் மறக்காமல் ரத்து செய்துவிடுங்கள்.