மயக்க மருந்து வந்ததும் அறுவை சிகிச்சை பாதுகாப்பானதாகிவிட்டதா?

1846-இல் மயக்க மருந்து கண்டுபிடிக்கப்பட்டதோடு அறுவை சிகிச்சை பாதுகாப்பானதாகிவிட்டது என்று படித்ததாகவும், அது சரிதானா என்றும் கேட்டிருக்கிறீர்கள். பாதிதான் சரி. அந்த ஆண்டில் நீங்கியது வலி. கத்தி பட்ட நோயாளி சில நாட்களில் புண் சீழ்பிடித்து இறந்துபோவது அதற்குப் பிறகும் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் குறையாமல் தொடர்ந்தது. நான் அறுவை அரங்கில் செவிலியராக வேலை செய்கிறேன். அங்கே என் உழைப்பின் பெரும்பகுதி கருவிகளையும் துணிகளையும் கைகளையும் கிருமியில்லாமல் வைத்திருப்பதிலேயே செல்கிறது. ஆகவே அந்த மறுபாதியைச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன்.

1846 அக்டோபர் 16 அன்று அமெரிக்காவின் பாஸ்டன் நகரில், மாசசூசெட்ஸ் பொது மருத்துவமனையில், வில்லியம் மார்ட்டன் என்ற பல் மருத்துவர் ஈதர் என்ற மயக்க மருந்தின் ஆவியை முகரச் செய்ய, அறுவை மருத்துவர் ஜான் காலின்ஸ் வாரன் ஒரு நோயாளியின் கழுத்துக் கட்டியில் அறுவை செய்தார். அதே ஆண்டு டிசம்பரில் லண்டனில் ராபர்ட் லிஸ்டன் என்ற அறுவை மருத்துவர் ஈதர் கொடுத்து ஒருவரின் காலைத் தொடைப் பகுதியில் துண்டித்தார். லிஸ்டன் அதற்கு முன்பே வேகத்துக்குப் பேர்போனவர். நினைவோடு துடிக்கும் மனிதனை நான்கு பேர் அழுத்திப் பிடித்திருக்கும் நிலையில், வேகம் ஒன்றே மருத்துவர் காட்டக்கூடிய கருணையாக இருந்தது. மறுஆண்டே எடின்பரோவில் ஜேம்ஸ் யங் சிம்ப்சன் என்ற மருத்துவர் குளோரோஃபாம் என்ற இன்னொரு மயக்க மருந்தைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார். அவசரப்படும் தேவை போனதால், முன்பு யாரும் துணியாத நீண்ட அறுவைகளையும் மருத்துவர்கள் மேற்கொள்ளத் தொடங்கினார்கள். ஆனால் அவர்கள் கைகள் கழுவப்படவில்லை, கருவிகள் ஒப்புக்குத் துடைக்கப்பட்டன, பழைய இரத்தம் காய்ந்து விறைத்த அங்கி அனுபவத்தின் அடையாளமாகவே மதிக்கப்பட்டது. புண்ணில் கெட்டியான வெண்சீழ் கட்டினால் அது ஆறுவதற்கான நல்ல அறிகுறி என்று கற்றறிந்தவர்களே நம்பினார்கள்.

மருத்துவமனையே ஆபத்தின் இருப்பிடமாக இருந்தது என்பதைக் கணக்குப் போட்டுக் காட்டியவரும் சிம்ப்சன்தான். 1860-களின் இறுதியில் அவர் கை கால் துண்டிப்புகளைப் பற்றிய விவரங்களைத் திரட்டினார். கிராமப்புறங்களில், பெரும்பாலும் வீட்டிலேயே அறுவை செய்துகொண்டவர்களில் ஏறக்குறைய ஒன்பதில் ஒருவர் இறந்திருந்தார்; பெரிய நகர மருத்துவமனைகளில் ஐந்தில் இருவர் இறந்திருந்தார்கள். இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஜேன் டாட் கிராஃபோர்ட் நினைவுக்கு வருகிறார். 1809-இல் கென்டக்கி மாநிலத்தின் டான்வில் என்ற சிற்றூரில், எஃப்ராயிம் மெக்டவல் என்ற மருத்துவர் தம் வீட்டில் வைத்து, மயக்க மருந்து எதுவுமின்றி, அந்தப் பெண்மணியின் வயிற்றைத் திறந்து பெரிய சினைப்பைக் கட்டியை அகற்றினார். இருபத்தைந்து நாட்களில் ஊர் திரும்பிய அவர் பின்னும் முப்பது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தார். அதே அறுவை ஒரு பெருநகர வார்டில் நடந்திருந்தால் அவர் பிழைத்திருப்பாரா என்பது எனக்குப் பெரிய சந்தேகம்தான்.

காரணத்தை முன்கூட்டியே நெருங்கியவர்களில் ஒருவர் வியன்னாவில் பணியாற்றிய மருத்துவர் இக்னாஸ் செம்மல்வைஸ். அவருடைய பிரசவ வார்டில் மருத்துவ மாணவர்கள் பிணப் பரிசோதனை முடித்த கையோடு வந்து தாய்மார்களைப் பரிசோதித்தார்கள். மருத்துவச்சிகள் மட்டுமே பார்த்துக்கொண்ட பக்கத்து வார்டில் சாவு மிகக் குறைவாக இருந்தது. 1847-இல் அவருடைய நண்பர் யாக்கோப் கொலட்ச்கா, பிணப் பரிசோதனையின்போது கத்தி கீறி, அந்தத் தாய்மார்களைப் போன்றே காய்ச்சல் கண்டு இறந்தார். செம்மல்வைஸ் உடனே குளோரின் கலந்த சுண்ணாம்பு நீரில் கை கழுவுவதைக் கட்டாயமாக்கினார். ஏப்ரலில் நூற்றுக்குப் பதினெட்டாக இருந்த இறப்பு ஜூனில் இரண்டாகக் குறைந்தது. இத்தனை தெளிவான எண்களைக் கையில் வைத்திருந்தும் அவரால் பெரும்பாலோரை இணங்கச் செய்ய முடியவில்லை. கிருமி என்ற விளக்கம் அன்று இல்லை; உங்கள் கைகளே கொன்றன என்ற செய்தியை ஏற்கும் மனமும் மருத்துவர்களிடம் இல்லை. 1865 ஆகஸ்ட் 13 அன்று அவர் ஒரு மனநல விடுதியில், புண் சீழ்பிடித்து இறந்தார்.

அதற்கு முந்தைய நாள், ஆகஸ்ட் 12 அன்று, கிளாஸ்கோ ராயல் மருத்துவமனைக்கு ஜேம்ஸ் கிரீன்லீஸ் என்ற 11 வயதுச் சிறுவனைத் தூக்கிவந்தார்கள். வண்டிச் சக்கரம் ஏறி அவனுடைய கீழ்க்கால் எலும்பு முறிந்து, தோலும் கிழிந்திருந்தது. அந்நாளில் இத்தகைய முறிவுக்குப் பெரும்பாலும் காலை எடுத்துவிடுவதுதான் வழக்கம். விட்டுவைத்தால் புண் அழுகி ஆளே போய்விடுவார் என்பது எல்லோருக்கும் தெரியும். அங்கே பணியாற்றிய அறுவை மருத்துவர் ஜோசப் லிஸ்டர் வேறு வழியை முயன்றார். நுண்ணோக்கி வில்லைகளைச் செம்மைப்படுத்தியதில் பெயர்பெற்ற தந்தைக்குப் பிறந்ததால், அவருக்கு இளமையிலேயே நுண்ணோக்கி பழகியிருந்தது. பொருள்கள் புளிப்பதற்கும் அழுகுவதற்கும் காற்றிலுள்ள நுண்ணுயிர்களே காரணம் என்ற லூயி பாஸ்டரின் ஆய்வுகளை வேதியியல் பேராசிரியர் தாமஸ் ஆண்டர்சன் அவருக்கு அறிமுகப்படுத்தியிருந்தார். கார்லைல் நகரில் சாக்கடைக் கழிவில் கார்பாலிக் அமிலம் ஊற்றி நாற்றத்தைப் போக்கிய செய்தியையும் லிஸ்டர் அறிந்திருந்தார். இந்த இரண்டையும் இணைத்து, அந்த அமிலத்தில் தோய்த்த துணியால் சிறுவனின் காயத்தை மூடினார். நான்கு நாட்கள் கழித்துத் திறந்தபோது சீழும் இல்லை, அழுகல் நாற்றமும் இல்லை. ஆறு வாரங்களில் எலும்பு கூடி, பையன் தன் காலிலேயே நடந்து வீடு திரும்பினான்.

இவ்வாறு பதினொரு நோயாளிகளைப் பற்றிய குறிப்புகளை 1867-இல் லிஸ்டர் லான்செட் என்ற மருத்துவ இதழில் வெளியிட்டார். கருவிகளும் கைகளும் புண்ணும் அமிலக் கரைசலில் கழுவப்பட வேண்டும் என்ற அந்த முறைக்கு முன்பு, அவருடைய பிரிவில் கை கால் துண்டிக்கப்பட்ட 35 பேரில் 16 பேர் இறந்திருந்தார்கள்; பின்பு 40 பேரில் 6 பேர் இறந்தார்கள். இருந்தும் எதிர்ப்பு ஓயவில்லை. சிம்ப்சனே லிஸ்டரை எதிர்த்தவர்களில் ஒருவர் என்பது வருத்தமான செய்தி. ஈதரின் பலனை அரங்கில் இருந்த அனைவரும் சில நிமிடங்களில் கண்ணால் கண்டார்கள், அதனால் அது சில மாதங்களிலேயே கடல் கடந்தது. லிஸ்டரின் முறையோ கண்ணுக்குத் தெரியாத எதிரியை முன்வைத்தது. பலனைப் பார்க்கப் பல நாட்கள் காத்திருக்க வேண்டியிருந்தது. ஒரு படியைத் தவறவிட்டாலும் புண் சீழ்பிடித்தது, உடனே முறையே பொய் என்று ஒதுக்கினார்கள். ஜெர்மனியில் ஹாலே நகரின் ரிச்சர்ட் ஃபோக்மான் போன்றவர்கள் முறையை அப்படியே பின்பற்றி, தம் வார்டுகளின் நிலையை மாற்றிக்காட்டினார்கள்.

தயக்கத்தின் விலையை அமெரிக்கா 1881-இல் கண்டது. ஐந்து ஆண்டுகளுக்கு முன்பே லிஸ்டர் பிலடெல்ஃபியாவில் நடந்த மருத்துவ மாநாட்டுக்கு நேரில் வந்து தம் முறையை விளக்கியிருந்தார். அப்படியிருந்தும், ஜூலை 2 அன்று சுடப்பட்ட குடியரசுத் தலைவர் ஜேம்ஸ் கார்ஃபீல்டின் காயத்துக்குள் மருத்துவர்கள் கழுவாத விரல்களை விட்டுக் குண்டைத் தேடினார்கள். செப்டம்பர் 19 அன்று அவர் இறந்தார். இறப்புக்குக் குண்டைவிடத் தொற்றே பெரிய காரணம் என்பது இன்று மருத்துவ வரலாறு எழுதுவோர் பலருடைய கருத்து.

கார்பாலிக் அமிலம் தோலை அரித்தது; லிஸ்டர் பயன்படுத்திய அமிலத் தெளிப்பான் அரங்கிலிருந்தவர்களின் மூச்சையும் வருத்தியது, அதை அவரே பின்னர் கைவிட்டார். 1880-களில் புண்ணுக்குள் புகுந்த கிருமியைக் கொல்வதைவிட, கிருமி புகாமல் தடுப்பதே மேல் என்ற எண்ணம் வலுப்பெற்று, கருவிகளும் துணிகளும் நீராவியில் அவிக்கப்பட்டன. இன்று நாங்கள் ஆட்டோகிளேவ் என்ற உயர் அழுத்த நீராவிக் கலனில் 121 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் கருவிகளும் துணிகளும் அடங்கிய டிரம்களை வைத்து எடுப்பதும், அவற்றில் ஒட்டியிருக்கும், வெப்பம் பட்டால் நிறம் மாறும் காட்டி நாடாவின் கோடுகள் கறுத்திருக்கின்றனவா என்று பார்த்த பிறகே திறப்பதும் அந்த வழியில் வந்தவைதான். ரப்பர் கையுறையும் அக்காலத்ததே. ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில் செவிலியர் கரோலின் ஹாம்ப்டனின் கைகள் கிருமிநாசினியால் புண்ணாகவே, அறுவை மருத்துவர் வில்லியம் ஹால்ஸ்டெட் குட்இயர் நிறுவனத்திடம் சொல்லி அவருக்காக மெல்லிய கையுறைகளைச் செய்வித்தார். செவிலியரின் கையைக் காப்பாற்ற வந்த பொருள் நோயாளியையும் காக்கிறது என்பது பிறகுதான் விளங்கியது.

எனவே பாதுகாப்பு எப்போது வந்தது என்று கேட்டால், வயிற்றைத் திறக்க மருத்துவர்கள் துணிந்த காலத்தைப் பாருங்கள் என்பேன். ஈதர் வந்து முப்பது ஆண்டுகள் கழிந்தும் அதை வெகுசிலரே முயன்றார்கள். 1902 ஜூன் 24 அன்றோ, முடிசூட்டு விழாவுக்கு இரண்டே நாட்கள் இருந்தபோது, குடல்வால் சீழ்க்கட்டியால் துடித்த பிரிட்டிஷ் மன்னர் ஏழாம் எட்வர்டின் வயிற்றைத் திறந்து ஃபிரடெரிக் டிரீவ்ஸ் சீழை வெளியேற்றினார். தள்ளிவைக்கப்பட்ட விழா ஆகஸ்ட் 9 அன்று நடந்தது.