உத்தேசச் சாலைக்குள் எட்டு அடி: வழக்கா, சமரசமா?

கேள்வி: சென்னையின் தெற்குப் புறநகரில் என் அப்பா 1988-இல் வாங்கிய 40-க்கு 60 அடி மனை இருக்கிறது. வீடு கட்ட விண்ணப்பித்தேன். எங்கள் பகுதிக்கான விரிவு அபிவிருத்தித் திட்டத்தில் காட்டிய உத்தேசச் சாலை கிழக்கு ஓரத்தில் எட்டு அடி உள்ளே வருகிறது என்று மறுத்துவிட்டார்கள். அந்தச் சாலை இன்றுவரை வரவில்லை. மூன்று அலுவலகங்கள் என்னைப் பந்தாடின. பக்கத்து மனைக்காரருக்கு மட்டும் அனுமதி கிடைத்திருக்கிறது. நஷ்டஈடு கேட்டு வழக்குப் போடலாமா? அதற்குள் வேலையைத் தொடங்கலாமா?

பதில்: உங்கள் கடிதம் ஆறு பக்கம். நீதிமன்றத்துக்கு அதில் வேண்டியது ஒரே ஒரு தேதி. அதை நீங்கள் எழுதவே இல்லை.

1971-ஆம் ஆண்டு தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 38-ஆம் பிரிவைப் பாருங்கள். திட்டம் பற்றிய அறிவிப்பு 26 அல்லது 27-ஆம் பிரிவின்படி அரசிதழில் வெளியான நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள், அந்த நிலத்தைக் கையகப்படுத்த 37(2)-இன் கீழ் அறிவிக்கை வெளியாகியிருக்க வேண்டும். அல்லது பேசி முடித்து வாங்கியிருக்க வேண்டும். இரண்டும் நடக்கவில்லையென்றால் நிலம் சாலைக்கான ஒதுக்கீட்டிலிருந்து விடுபட்டதாகவே கொள்ளப்படும். ஆகவே அந்த அரசிதழ் தேதியை முதலில் கண்டுபிடியுங்கள். திட்டத்துக்கு இறுதி ஒப்புதல் கிடைத்த தேதி வேறு. பலர் அதிலிருந்து எண்ணி மனுவையே கெடுத்துக்கொள்கிறார்கள்.

மற்றவற்றை ஒதுக்கி வையுங்கள். பக்கத்து வீட்டுக்காரருக்குத் தவறாக அனுமதி கொடுத்திருந்தால், அதே தவறை உங்களுக்கும் செய்யச் சொல்லி எந்த நீதிபதியும் உத்தரவிட மாட்டார். அலுவலகங்கள் பந்தாடியதும் வழக்குக்கான காரணம் ஆகாது. நிலப் பயன்பாட்டைத் திட்டமிடுவது சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமம் (சி.எம்.டி.ஏ.), கட்டட உரிமம் தருவது உள்ளாட்சி, சாலை போடுவது இன்னொரு துறை என்று சட்டமே பிரித்து வைத்திருக்கிறது. இந்தப் பிரிவினையால் உங்களுக்கு உள்ள வேலை ஒன்றுதான்: உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவில் எல்லோரையும் எதிர்மனுதாரராகச் சேர்ப்பது. சாலை போட வேண்டிய துறையை விட்டுவிட்டால், வழக்கு முடியும் நேரத்தில் அது வந்து நிற்கும்.

அந்த அறிவிக்கை வெளியானதா என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு, வரும் பதிலைக் கூர்ந்து படியுங்கள். ‘37(2)-இன் கீழ் அறிவிக்கை வெளியிடப்படவில்லை’ என்று எழுதியிருந்தால் அது ஆதாரம். ‘இவ்வலுவலகத்தில் கோப்பு இல்லை’ என்று எழுதியிருந்தால் அது வெறும் காகிதம். மேல்முறையீடு செய்து முதல் வகைப் பதிலை வாங்குங்கள். இன்னொன்று, ஒதுக்கீட்டிலிருந்து ‘தயவுகூர்ந்து விடுவிக்க’ வேண்டி இதுவரை மனு ஏதும் கொடுத்தீர்களா? கொடுத்திருந்தால் வக்கீலிடம் மறைக்காதீர்கள். ஒதுக்கீடு இன்னும் உயிரோடு இருக்கிறது என்று நீங்களே ஒப்புக்கொண்டதாக எதிர்த்தரப்பு அதைக் காட்டும். சாலை என்பதால் உங்களுக்கு 38-ஆம் பிரிவை வைத்து வாதிடவாவது முடியும். அனுமதி பெற்ற மனைப்பிரிவில் பூங்காவுக்கு விட்ட இடமாக இருந்தால் இதே வாதத்தோடு என்னிடம் வந்திருக்கவே வேண்டாம்.

இனி உங்கள் கடைசிக் கேள்வி. என்னிடம் வழக்கை ஒப்படைத்த கட்சிக்காரர்கள் விழுந்த குழி அதுதான். ‘நிலம் சட்டப்படி விடுபட்டுவிட்டது, இனி யாரைக் கேட்க வேண்டும்’ என்று கடைக்கால் போட்டுவிடுவார்கள். ஒதுக்கீடு போனது வேறு, கட்ட அனுமதி கிடைத்தது வேறு. 38 உங்களுக்குத் தருவது, அந்தக் காரணத்தைச் சொல்லி விண்ணப்பத்தை மறுக்கக் கூடாது என்ற வாதம் மட்டுமே. 49-ஆம் பிரிவின்படி திட்ட அனுமதி வாங்கித்தான் ஆக வேண்டும். வாங்காமல் எழுப்பிய ஒவ்வொரு தூணும் 56, 57-ஆம் பிரிவுகளின் கீழ் நோட்டீஸுக்கு உரியது. வேலையை நிறுத்தச் சொல்வார்கள், பூட்டி சீல் வைப்பார்கள், இடிக்கச் சொல்வார்கள். அதுவரை நீதிமன்றத்தில் பாதிக்கப்பட்டவராக நின்ற நீங்கள் அன்று முதல் விதிமீறியவர். நல்ல வழக்கு அந்த நிமிடமே கெட்டுப்போகும்.

‘பிறகு வரைமுறைப்படுத்திக்கொள்ளலாம்’ என்று மேஸ்திரியும் தரகரும் சொல்வார்கள். 113-ஏ பிரிவு 28-2-1999-க்கு முன் கட்டியவற்றுக்கு வந்தது. 113-சி பிரிவு 1-7-2007-க்கு முன் கட்டியவற்றுக்கு. 2017-இல் வந்த விதிகள் அனுமதியற்ற மனைகளைப் பற்றியவை, கட்டடத்தைப் பற்றியவை அல்ல. இன்று போடும் கடைக்காலுக்கு இவற்றில் எதுவும் குடை பிடிக்காது.

வெளிப்படையாகச் சொல்கிறேன்: முழு மனையும் சாலைக்குள் போயிருந்தால் சண்டை போடச் சொல்வேன். உங்களுக்குப் போவது எட்டுக்கு அறுபது, 480 சதுர அடி. மிச்சம் 1,920 சதுர அடியில் வீடு கட்டலாம். ரிட் மனு, அதன்மேல் அப்பீல் என்று ஆண்டுகள் ஓடும்போது கட்டுமானச் செலவு ஏறுவதைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். அந்தத் துண்டை விட்டுக்கொடுத்து அனுமதி வாங்குவதே உங்களுக்கு லாபம். அதற்கு முன் சர்வேயரை வைத்து, திட்ட வரைபடத்தையும் புல வரைபடத்தையும் பொருத்தி, எட்டு அடி எட்டு அடிதானா என்று அளந்துகொள்ளுங்கள். இந்த ஒரு காரணத்தைத் தவிர விண்ணப்பத்தில் வேறு குறை இல்லை என்று எழுத்தில் வரும்வரை, அந்தத் துண்டை இலவசமாக எழுதிக் கொடுக்கும் தானப் பத்திரத்தில் கையெழுத்திட வேண்டாம். முதலில் எழுதிக் கொடுத்துவிட்டு, பிறகு வேறொரு காரணத்தால் அனுமதியும் மறுக்கப்பட்டு, நிலத்தையும் இழந்து நின்றவரை எனக்குத் தெரியும். இலவசமாகத் தரும் பரப்புக்கு ஈடான வளர்ச்சி உரிமையையும், அதாவது கூடுதல் பரப்பு கட்டிக்கொள்ளும் உரிமையையும், கேட்டு வாங்குங்கள். கேட்காதவருக்குத் தானாகத் தேடி வந்து தர மாட்டார்கள்.

சமரசம் வேண்டாம், வழக்குத்தான் என்றால் தாமதிக்காதீர்கள். சென்னைப் பெருநகருக்கான இரண்டாவது முழுமைத் திட்டத்தின் (மாஸ்டர் பிளான்) காலம் 2026 வரைதான். மூன்றாவதில் அதே கோடு மறுபடி விழுந்தால், புது அறிவிப்பு, புது மூன்றாண்டு என்று வாதிட அரசுத் தரப்புக்கு இடம் கிடைத்துவிடும். வரைவு வெளியானால் அறிவிப்பில் சொன்ன கெடுவுக்குள் சர்வே எண்ணைக் குறிப்பிட்டு ஆட்சேபணை கொடுத்து, முத்திரையிட்ட ஒப்புகையை வாங்கி வையுங்கள்.