பழைய படச்சுருள்களும் வரலாற்று ஆவணப்படங்களும்: கேள்வி பதில்

கேள்வி: முதல் உலகப் போர் பற்றிய ஆவணப்படங்களில், பதுங்குகுழியிலிருந்து மேலேறும்போதே ஒரு வீரர் சரிந்து விழும் காட்சி அடிக்கடி வருகிறது. அது உண்மையான சாவுதானா?

பதில்: நடிப்புதான். 1916 ஆகஸ்டில் பிரிட்டனில் வெளியான 'சோம் போர்' படத்தில் வரும் காட்சி அது. ஜெஃப்ரி மாலின்ஸ், ஜான் மெக்டவல் ஆகிய இருவரும் எடுத்த அந்தப் படத்தின் பெரும்பகுதி களத்திலேயே பதிவானது என்றாலும், இந்தக் காட்சி மட்டும் போர்முனைக்குப் பின்னாலிருந்த பயிற்சிக் களத்தில் எடுக்கப்பட்டது என்பதே ஆய்வாளர்களின் முடிவு. உற்றுப் பார்த்தால் காட்சியே காட்டிக்கொடுத்துவிடும்: குழியில் ஆழம் இல்லை, வீரர்களின் முதுகில் மூட்டை இல்லை, கேமரா நிற்பதோ உண்மைத் தாக்குதலில் எவரும் நிற்கத் துணியாத இடத்தில். அதற்காகக் காட்சியை ஒதுக்கிவிட வேண்டியதில்லை. போரைத் தம் மக்களுக்கு எப்படிக் காட்ட விரும்பினார்கள் என்பதற்கு அது முதல்தரச் சான்று. ஆனால், 19,000க்கும் மேற்பட்ட பிரிட்டிஷ் படையினர் மடிந்த, சோம் போர் தொடங்கிய 1916 ஜூலை 1ஆம் நாளின் பதிவு என்று பின்னணிக் குரல் அதை அறிமுகப்படுத்துவது எனக்கு ஒப்பவில்லை.

கேள்வி: 1917 ரஷ்யப் புரட்சியில் மக்கள் குளிர்கால அரண்மனைக்குள் பாயும் காட்சி?

பதில்: சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் எடுத்து 1928இல் வெளிவந்த கதைப்படத்தின் காட்சி. பயன்படுத்தினால் ஆண்டையும் இயக்குநர் பெயரையும் திரையிலேயே போட்டுவிடுங்கள்.

கேள்வி: மௌனப்படக் காலத்து மனிதர்கள் குடுகுடுவென நடக்கிறார்களே, வேகத்தை மாற்றலாமா? ஒலி சேர்க்கலாமா?

பதில்: வேகத்தைக் கட்டாயம் சரிசெய்ய வேண்டும். கையால் சுழற்றிய கேமராவில் நொடிக்குச் சுமார் 16 முதல் 18 பிரேம் (தனித்தனிப் படங்கள்) வரை பதிவானதை 24 பிரேமில் ஓட்டுவதால்தான் பெருந்தலைவர்களும் கோமாளிகளாகத் தெரிகிறார்கள். சுழற்றும் வேகம் ஆளுக்கு ஆள் மாறும் என்பதால், நடப்பவரின் நடையைப் பார்த்து ஒவ்வொரு ஷாட்டுக்கும் தனித்தனியே வேகம் வைக்க வேண்டும். ஒலி சேர்ப்பது பொறுப்பான வேலை. இயக்குநர் பீட்டர் ஜாக்சன் 2018இல் வெளியிட்ட முதல் உலகப் போர்ப் படத்துக்காக, உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களைக் கொண்டு வீரர்கள் பேசியதைக் கண்டறிந்தார். அத்தகைய உழைப்பு எதுவுமின்றி, கையிருப்பிலுள்ள வெடிச்சத்தத்தை ஒட்டுவது சோம்பல். (அகலத்திரைக்காகப் பழைய சட்டகத்தை மேலும் கீழும் வெட்டுவதை இதைவிடப் பெரிய குற்றமாகக் கருதுகிறேன்.)

கேள்வி: தமிழர்களில் இப்படித் தேடித் திரட்டிப் படமெடுத்த முன்னோடி உண்டா?

பதில்: ஏ.கே.செட்டியார். பல நாடுகளில் அலைந்து சுமார் 50,000 அடிப் படச்சுருளைச் சேகரித்து, அதைத் தொகுத்து 1940இல் காந்தி பற்றிய ஆவணப்படத்தை வெளியிட்டார்.

கேள்வி: 60 ஆண்டு கடந்த படத்துக்கு அனுமதியே தேவையில்லையா?

பதில்: இந்தியச் சட்டப்படி, படம் வெளியானதற்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள் பதிப்புரிமை உண்டு. அது முடிந்தாலும் நல்ல பிரதி காப்பகத்தின் கையில்தான் இருக்கும். எனவே ஸ்கேன் கட்டணமும் ஒப்பந்தமும் தவிர்க்க முடியாதவை. வெளிநாட்டில் திரையிடுவதானால் அந்நாட்டுச் சட்டத்தையும் பார்க்க வேண்டும். கட்டணம் பெரும்பாலும் நொடி அல்லது நிமிடக் கணக்கில் வரும் என்பதால், எந்தெந்த நாடுகள், எத்தனை ஆண்டுகள், தொலைக்காட்சியா இணையமா என்பதைக் குறிப்பிட்டு, படத்தொகுப்பை இறுதி செய்யும் முன்பே எழுத்தில் விலை கேட்டுவிடுங்கள்.