கேள்வி-பதில்: மருத்துவச்சியின் டைரியும் டீ-ஷர்ட் வாசகமும்

கேள்வி: வாஷிங்டன், லிங்கன், உள்நாட்டுப் போர் என்று அமெரிக்க வரலாறு படித்தவன் நான். லாரல் தாட்சர் உல்ரிக் என்பவர் ஒரு மருத்துவச்சியின் டைரியை வைத்து எழுதிய 'எ மிட்வைஃப்ஸ் டேல்' புத்தகத்துக்கு 1991-இல் புலிட்சர் பரிசு கொடுத்திருக்கிறார்கள். யாருக்குக் குழந்தை பிறந்தது, யார் துணி நெய்தார்கள் என்பதெல்லாம் வரலாறா? 'நல்ல பிள்ளையாக நடந்துகொள்ளும் பெண்கள் வரலாறு படைப்பது அபூர்வம்' என்று டீ-ஷர்ட்டிலும் கோப்பையிலும் அச்சடிக்கும் வாசகத்தை எழுதியவரே இவர்தானாமே! (வாசகர், திண்டுக்கல்)

பதில்: உங்கள் கேள்வி புதிதல்ல. அந்த மருத்துவச்சியின் பெயர் மார்த்தா பல்லார்ட். அவருடைய டைரி 1930-இல் அமெரிக்காவின் மெய்ன் மாநில நூலகத்துக்கு வந்தது. கொடுத்தவர் அவருடைய எள்ளுப்பேத்தி. அந்தப் பேத்தி ஒரு டாக்டர். அதன் பிறகு அதைப் புரட்டிப் பார்த்த வரலாற்றாசிரியர்கள் 'அற்ப விஷயங்கள்' என்று மூடி வைத்துவிட்டார்கள். பெண்கள் வரலாறு எழுத வந்தவர்கள்கூட!

உல்ரிக் செய்தது ஒன்றுதான். அந்த அற்பங்களை உட்கார்ந்து எண்ணினார். 1785 முதல் 1812 வரை 27 வருஷக் குறிப்பு, 816 பிரசவம். மெய்னில் ஓடும் கென்னபெக் ஆற்றைப் படகிலும், உறைந்துபோனால் பனிக்கட்டி மேலும் கடந்துபோய்ப் பார்த்த பிரசவங்கள். கல்யாணத் தேதியையும் தலைப்பிள்ளை பிறந்த தேதியையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், 1785-97 காலத்துத் தலைப்பிரசவங்களில் சுமார் 38 சதவீதம் கல்யாணத்துக்கு முன்பே உண்டான கர்ப்பம். பியூரிட்டன் என்ற கண்டிப்பான கிறிஸ்தவர்களின் பரம்பரை என்றால் என்னென்னவோ நினைத்திருப்பீர்கள், இல்லையா? இந்தக் கணக்கை வாஷிங்டனின் கடிதங்களில் எங்கே தேடுவீர்கள்?

இன்னொன்று. மெய்ன் அப்போது மாசசூசெட்ஸின் ஒரு பகுதி. மணமாகாத பெண்ணிடம், வலி உச்சத்தில் இருக்கும்போது, 'தகப்பன் யார்?' என்று மருத்துவச்சி கேட்க வேண்டும். அந்த வேளையில் பொய் வராது என்பது நம்பிக்கை. கோர்ட்டிலும் அது சாட்சியாக நிற்கும். 1791 அக்டோபரில் சாலி பியர்ஸ் என்ற பெண்ணுக்குப் பிரசவம் பார்க்கப் போன மார்த்தா, வழக்கம்போலக் கேட்டார். சாலி சொன்ன பெயர் ஜோனதன். மார்த்தாவின் சொந்த மகன்! ஒளிக்கவில்லை, ஒப்பாரியும் வைக்கவில்லை. மற்றப் பிரசவங்களைப் போலவே ஒரு வரியாக எழுதி வைத்துவிட்டார். அப்புறம் ஜோனதன் சாலியைக் கல்யாணம் செய்துகொண்டார். சட்டம் ஏட்டில் எப்படி இருந்தது என்பதை எந்த வக்கீலும் சொல்வார். ஒரு கட்டிலோரத்தில் அது எப்படி நடந்தது என்பதற்கு இந்த ஒரு வரிதான்.

நெசவு பற்றிக் கேலி செய்தீர்கள். மார்த்தாவின் கணவர் எஃப்ரெயிம் நில அளவையாளர், மரம் அறுக்கும் ஆலையும் நடத்தியவர். அவர் தொழில் ஊர்ப் பதிவேடுகளில் இருக்கிறது. வீட்டில் மகள்களும் கூலிக்கு வந்த பெண்களும் நெய்த துணி, அது கைமாறிய விதம், பிரசவத்துக்குக் கூலியாக வந்த சாமான், இவையெல்லாம் டைரியில் மட்டும். ஊரின் பாதி வரவு-செலவு அங்கேதான் கிடக்கிறது.

சரி, அந்த டீ-ஷர்ட் வாசகம். அது உல்ரிக் 1976-இல் எழுதிய ஓர் ஆய்வுக் கட்டுரையில் வருகிறது. கட்டுரை எதைப் பற்றித் தெரியுமா? நியூ இங்கிலாந்து எனப்படும் வடகிழக்கு அமெரிக்காவில் பக்தியோடு வாழ்ந்து மறைந்த பெண்களுக்காகப் பாதிரிமார் செய்த இரங்கல் பிரசங்கங்களைப் பற்றி. பெண்களே, அடங்காதீர்கள் என்று அவர் அறைகூவல் விடவில்லை. அடங்கி வாழ்ந்தவர்களை வரலாறு எழுதுபவர்கள் கண்டுகொள்வதில்லை என்று குறைபட்டார். குறை உங்களையும் என்னையும் பற்றியது. கோப்பையில் அச்சடித்து விற்றவர்கள் கட்டுரையைப் படித்திருக்க மாட்டார்கள். நீங்களும்தான்.