கிரியேட்டினின் 1.9, சலத்தில் புரதம் இல்லை: பயொப்சி எதுக்கு?

தம்பி, அக்கரைப்பற்றில வயல் செய்யிற அப்பாவுக்கு 54 வயது, சீனி வருத்தமும் பிறசரும் இல்ல, கிரியேட்டினின் 1.9, சலத்தில புரதம் இல்ல, டொக்டர் பயொப்சி (ஊசியால கிட்னியில சின்னத் துண்டு எடுத்துப் பார்க்கிறது) என்றிட்டார், குத்தினா கிட்னி பழுதாகிடுமா என்று கேட்டிருந்தீங்க.

பழுதாகாது. என்ட அண்ணனுக்கு எடுத்த துண்டைப் போத்தலில காட்டினாங்க. பென்சில் கூரை விட மெல்லிசு. குப்புறப் படுக்கவச்சு, விறைப்பூசி போட்டு, ஸ்கேன்ல பார்த்துத்தான் குத்துவாங்க. பிறகு ஆறு மணித்தியாலமாவது மல்லாந்து படுக்கணும். சலம் கொஞ்சம் சிவப்பாப் போகலாம். கட்டிகட்டியாப் போனா உடனே சொல்லுங்க. கடும் இரத்தப்போக்கு அரிது.

கிரியேட்டினின் இரத்தத்தில சேருற கழிவு; அது கூடினா கிட்னிட வேலை குறைஞ்சதைச் சொல்லும், காரணத்தைச் சொல்லாது. புரதம் நிறைய ஒழுகினா கிட்னிட வடிகட்டிகளில சந்தேகம் வரும். உங்கட அப்பாவுக்கு ஒழுகல்ல, அதனால நுண்குழாய்களையும் அதைச் சுத்தியுள்ள இழையத்தையும்தான் பார்க்கணும். 1990களில வடமத்திய மாகாணத்தில கவனத்துக்கு வந்த, காரணம் இன்னும் உறுதியாகாத விவசாயிகளின்ட சிறுநீரக நோய் அங்கதான் தாக்கும். நம்மட அம்பாறை மாவட்டத்தில தெஹியத்தகண்டியிலயும் அது இருக்கு. ஆனா எலிக்காய்ச்சலும் நோவுக்குப் போடுற மாத்திரையும் அதே இடத்தைத்தான் கெடுக்கும். துண்டை மைக்ரொஸ்கோப்பில பார்க்கிறது அதுக்குத்தான்.

போக முதல் ஸ்கேன் ரிப்போட்டில கிட்னிட நீளத்தைப் பாருங்க. வளர்ந்தவங்களுக்குச் சாதாரணமா 10–12 சென்ரிமீற்றர். நல்லாச் சுருங்கியிருந்தா பயொப்சியால பலன் குறைவு, டொக்டரிட்டக் கேளுங்க. அஸ்பிரின் இரத்தப்போக்கைக் கூட்டும், குடிக்கிறாரென்டா கட்டாயம் சொல்லுங்க. நாரி உளைவுக்கு டைக்குளோஃபெனக் போடுறாரா? அதுவும் கிட்னியைக் கெடுக்கிற நோ மாத்திரைதான், இண்டைக்கே நிப்பாட்டுங்க.